நான் ஏற்றிய இளஞ்சிவப்பு

சிவகாசியில் ஒரு ஆஃப்செட் பிரஸ்ஸில், அச்சுக்குப் போகும் படங்களுக்குக் கலர் சரிசெய்வது என் வேலை. கடலில் கண்ணாடிப் படகு விடுகிற ஒருவர் நோட்டீஸ் அடிக்க வந்தார். அவர் தந்த பவளப்பாறைப் படம் எலும்பு போல வெளுத்திருந்தது.

“தண்ணிக்குள்ள எடுத்தது தங்கச்சி, கலர் செத்துப்போச்சு. உன் கைவண்ணத்தைக் காட்டு” என்றார்.

நம்பினேன். பட்டாசுப் பெட்டி லேபிளுக்கு ஏற்றுவதுபோல இளஞ்சிவப்பும் ஊதாவும் ஏற்றினேன். அவருக்கு ஒரே சந்தோஷம். குடும்பத்தோடு படகில் வரச் சொன்னார்.

விடுமுறையில் போனோம். படகின் அடிக்கண்ணாடி வழியே அதே பாறை தெரிந்தது. வெளுத்து, பாசி படிந்து கிடந்தது. மீன் ஒன்றிரண்டுதான்.

“என்னண்ணே இது?”

“கடல் சூடேறி பவளம் வெளுத்துப்போச்சு. அதுக்குள்ள குடியிருந்த மீனு, நண்டு, இறாலு எல்லாம் போயிருச்சு. வலைக்காரங்களுக்கே ஒண்ணும் சிக்கல.”

“அப்ப தெரிஞ்சேதான் என்கிட்ட கலர் ஏத்தச் சொன்னீகளா?”

“வெள்ளையாப் போட்டா எவன் ஏறுவான்?” என்று சிரித்தார்.

எதிரே ஒரு அம்மா, அந்த நோட்டீஸைக் கையில் பிடித்தபடி கண்ணாடிக்குள் இளஞ்சிவப்பைத் தேடிக்கொண்டிருந்தார். “இன்னும் கொஞ்ச தூரத்துல வரும்போல” என்று என்னிடமே சொன்னார்.

இப்போதும் வெளுத்த படம் வந்தால் கை தயங்குகிறது. அந்தப் படத்தில் இருந்த உண்மையே அந்த வெள்ளைதான். தங்கச்சி என்று கூப்பிட்டு, அதை என் கையாலேயே அழிக்க வைத்துவிட்டார்.