நின்ற காரில் ஓடிய சக்கரம்

அழகுராஜாவின் வாடகைக் காரில் பேய் இருக்கிறது, அதனால்தான் ஏ.பி.எஸ். என்ற பிரேக் எச்சரிக்கை விளக்கு அணைவதே இல்லை என்று கன்னிவாடியில் பேச்சு. பேயைப் பேட்டி காண, திண்டுக்கல்லில் மெக்கானிக் லிடியாவின் பட்டறைக்குப் போனேன்.

“சவாரிக்கு ஒருத்தரும் ஏற மாட்டேங்குறாக தாயி. வண்டிய வித்துரவா?” என்று கேட்டுக்கொண்டிருந்தார் அழகுராஜா.

லிடியா ஸ்கேனரை மாட்டினாள். கார் அசையாமல் நின்றது. இடது பின்சக்கரம் மட்டும் ஓடுவதாகத் திரை காட்டியது. குனிந்து பார்த்தாள். திருஷ்டிக்குக் கட்டிய கறுப்புக் கயிறு, சக்கரத்தின் வேகத்தை அளக்கும் சென்சார் ஒயரை உரசித் தின்றிருந்தது.

“இந்தாங்கண்ணே ஒங்க பேயி. கையில புடிங்க!”

ஒயரை மாற்றியதும் விளக்கு அணைந்தது. ஆனாலும் திரையில் அந்தச் சக்கரம் இன்னும் கொஞ்சம் ஓடிவிட்டுத்தான் நின்றது.

பழுது பார்த்த வண்டியைத் தானே ஓட்டிப் பார்ப்பது லிடியாவின் வழக்கம். அவள் ஏறினால்தான் ஊரும் ஏறும். “நாளைக்கு ஓட்டுறேண்ணே” என்றாள்.

அந்த ஓட்டம் இன்னும் பாக்கி.