இடுப்பில் முடிந்த அரிசி

தோட்டத்துக் கேட்டில் சோதனை போடும்போது ஒரு பிடி அரிசி பிடிபட்டாலே போதும். காட்டுக்குள் இருக்கிற கம்யூனிஸ்ட்டுகளுக்குக் கொண்டுபோகிறாய் என்று ஜெயிலில் போடுவார்கள், இல்லையென்றால் நாகப்பட்டினத்துக்குக் கப்பலேற்றிவிடுவார்கள். ஜப்பான்காரன் போனபின் வெள்ளைக்காரன் போட்ட அவசரகாலத்தில், செமிலிங் பக்கம் எங்கள் ரப்பர் தோட்டத்தில் பச்சைப்பிள்ளைக்கும் தெரிந்த சட்டம் இது. என் வீட்டுக்காரருக்கு மட்டும் உறைக்காது.

ஜப்பான்காரன் காலத்தில் சயாமுக்கு ரயில் பாதை போட ஆட்களை இழுத்துப் போனார்களே, அதில் போய் உயிரோடு திரும்பிய மனிதர் அவர். கூடப் போன தம்பி திரும்பவில்லை. வந்த நாளிலிருந்து அவர் கைலி முடிச்சில் ஒரு பிடி பச்சரிசி துணியில் கட்டியபடி இருக்கும். பசிக்குப் பயந்துதான் வைத்திருக்கிறார் என்று நினைத்தேன். சட்டம் வந்த பிறகு, இனி எடுத்துப் போவதில்லை என்று என் தலையில் கைவைத்துச் சத்தியம் செய்தார்.

அன்று காலை பால்மரம் வெட்டப் போகிறவர்கள் கேட்டில் சோதனைக்கு நின்ற வரிசையில், வாளியைத் தூக்கக் குனிந்தார். இடுப்பு புடைத்துக்கொண்டிருந்தது. எங்களுக்கு முன்னால் நாலே பேர்.

“அட பாவி மனுஷா, குடுங்க இங்க” என்று பல்லைக் கடித்துக்கொண்டு நானே பிடுங்கினேன். கீழே கொட்டினால் செம்மண்ணில் வெள்ளையாகத் தெரியும். அவ்வளவையும் வாயில் அள்ளிப் போட்டுக்கொண்டு, துணியைத் தலைக்கட்டுக்குள் செருகினேன்.

பெண்களைச் சோதிக்கிறவள் என் முந்தானையை உதறினாள், வாளியைக் கவிழ்த்துப் பார்த்தாள்.

“வாயில என்னக்கா?”

கன்னத்தைப் பிடித்துக்கொண்டு முனகினேன். பயத்தில் கண்ணில் நீர் முட்டியது. அவள் என்னையே கொஞ்ச நேரம் பார்த்தாள்.

“பல்லு வலியா? ஆஸ்பத்திரி டிரெஸ்ஸர்கிட்ட காட்டுங்கலா” என்று தள்ளிவிட்டாள்.

மரங்களுக்குள் வந்ததும் நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி நாலு கேள்வி கேட்க வேண்டும் என்று இருந்தேன். அதற்குள் அவர் என் வாய்க்கு நேரே உள்ளங்கையை நீட்டினார்.

“துப்பு புள்ள. அது வாய்க்கரிசி.”

தம்பி செத்தபோது வாயில் போட ஒரு மணி அரிசி கிடைக்கவில்லையாம். வெறும் வாயோடு மூங்கில் காட்டில் புதைத்துவிட்டு வந்தாராம். இனி தன் கண்முன் யாரும் அப்படிப் போகக் கூடாது என்று முடிந்து வைத்தாராம். இத்தனை வருஷம் கூட வாழ்ந்தவளிடம் இதைச் சொல்லவில்லை.

பாதியை விழுங்கியிருந்தேன். மீதியைத் தன் விரலாலேயே என் வாயிலிருந்து வழித்தெடுத்தார். வெட்டுக்கத்தியால் ஒரு மரத்தடியில் குழி பறித்தார்.

“எச்சி பட்டதுங்க” என்றேன்.

“இருக்கட்டும்” என்று அரிசியைக் குழிக்குள் போட்டார். “இந்தாடா தம்பி.”