வளைவுக்கு ஒரு பொட்டலம்

படகு மோட்டார் ரிப்பேர் பார்க்கிறவன் நான். தாராவியில் எங்கள் சந்தில் இதைச் சொன்னால் யாரும் சட்டென்று நம்ப மாட்டார்கள். தோல் பட்டறையும் தையல் மெஷினும் இட்லிக் கடையுமாக இருக்கிற சந்தில் படகுக்கு என்ன வேலை? எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் முடித்த முதல் ஆள் நான்தான். டிப்ளமோவும் வாங்கிவிட்டதால், நான் கப்பல் ரிப்பேர் செய்வதாக அம்மா அக்கம்பக்கத்தில் சொல்லி வைத்திருக்கிறாள். கப்பலெல்லாம் இல்லை. படகின் பின்பக்கம் மாட்டுகிற, இரண்டு பேர் சேர்ந்தால் தூக்கிவிடக்கூடிய மோட்டார். செம்பூர் தாண்டி, டிராம்பே ஜெட்டி என்கிற படகுத்துறைக்குப் போகிற சாலையோரம் ஒரு தகரக் கொட்டகைதான் கடை. வாசலில் பெரிய டிரம் நிறையத் தண்ணீர் இருக்கும். மோட்டாரை அதில் இறக்கி ஓட்டிப் பார்ப்போம்.

வருகிற மோட்டார்களில் பெரும்பாலானவற்றுக்கு ஒரே நோய். பெட்ரோல் போய்ச் சேராது. டேங்க்கில் தண்ணீர் கலந்திருக்கும், ஃபில்டரில் கசடு சேர்ந்திருக்கும், குழாய் எங்காவது விரிந்து காற்றை இழுக்கும், கார்பரேட்டர் அடைத்திருக்கும். ஒவ்வொன்றாகக் கழித்துக்கொண்டே வந்தால் ஏதோ ஓரிடத்தில் பிடிபட்டுவிடும். எனக்கு இந்த வேலை பிடித்துப்போனதே அதனால்தான். எல்லாவற்றுக்கும் ஒரு காரணம் இருக்கும், தேடினால் கிடைக்கும் என்று அப்போது நம்பினேன். இப்போதும் நம்புகிறேன். கிடைத்த பிறகு அதை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்பதுதான் தெரியவில்லை.

போன வருஷம் மழை விட்ட சமயம் அந்த மோட்டார் வந்தது. ஆட்டோவில் கொண்டுவந்தவனுக்கு என்னைவிட நாலைந்து வயது கூட இருக்கலாம். பேச்சில் திருநெல்வேலி அப்படியே இருந்தது. தாராவியில் தோல் பட்டறையில் இருந்தவன், அண்ணன் இறந்த பிறகு அவருடைய படகை எடுத்து ஓட்டுகிறான். கழிமுகத்தில் நங்கூரம் போட்டு நிற்கிற, பார்ஜ் என்கிற தட்டையான சரக்குப் படகுகளில் வேலை செய்கிறவர்களுக்கு மதியச் சாப்பாடும் தண்ணீர் கேனும் கொண்டுபோய்க் கொடுப்பதுதான் தொழில். சமைப்பது அவனுடைய மதினி. இறந்துபோன அண்ணனின் மனைவி.

“அங்க வந்தா நின்னுருது,” என்றான்.

எங்கே என்று கேட்டேன். ஜெட்டியிலிருந்து கிளம்பி, அலையாத்திக் காடு ஓரமாகவே போய்த் திரும்புகிற வளைவு என்றான். பிறகு, “அண்ணன் போன எடம்,” என்றான்.

மழைக்கு முன்னால் ஒரு நாள் காலையில், அந்த வளைவில் படகு மோட்டார் நின்றுபோய், நீரோட்டத்தில் தனியாகச் சுற்றிக்கொண்டு கிடந்ததாம். சாப்பாட்டுத் தூக்குகள் எல்லாம் அப்படியே இருந்தன. அவர் மட்டும் இல்லை. மறுநாள்தான் மர வேர்களுக்கிடையில் கிடைத்தார். நன்றாக நீந்தத் தெரிந்தவர். என்ன நடந்தது என்று பார்த்தவர் யாரும் இல்லை.

டிரம்மில் இறக்கி, கடையின் டேங்க்கையும் குழாயையும் மாட்டி ஓட்டினேன். அரை மணி நேரம் ஒரு இருமல்கூட இல்லாமல் ஓடியது. கார்பரேட்டரைக் கழற்றிச் சுத்தம் செய்து, ஃபில்டரை மாற்றி அனுப்பினேன். அடுத்த வாரமே திரும்பி வந்தது. இந்தத் தடவை மோட்டாருக்குள் இருக்கிற பெட்ரோல் பம்பைப் பிரித்துப் பார்த்தேன். குறை எதுவும் இல்லை. மறுபடி அனுப்பினேன், மறுபடி வந்தது. என் முதலாளி மராட்டிக்காரர். பூதத்துக்கு ஒரு ஃபில்டர் இருந்தால் மாட்டிவிடு இஞ்சினியர் சாப் என்று ஹிந்தியில் சொல்லிச் சிரித்தார். அவன் சிரிக்கவில்லை. இன்னொரு தடவை சாப்பாடு தாமதமாகப் போனால் பார்ஜ்காரர்கள் வேறு படகைப் பார்த்துக்கொள்வதாகச் சொல்லிவிட்டார்களாம். மோட்டாரோடு படகையும் விற்றுவிட்டுப் பட்டறைக்கே போய்விடலாமென்றால் மதினி விடமாட்டேன் என்கிறாள்.

“ஏன்?”

“அண்ணன்தான் நிறுத்துதாவளாம். அவிய இருக்கது தெரியுத ஒரே எடம் அதுதானாம். தெனமும் ஒரு பொட்டலம் கூடுதலாக் கட்டித் தாராவ. வளைவுல நிக்கும்போது தண்ணில விடணும்.”

“நீங்க விடுவீங்களா?”

“விடாம? நிக்குதுல்லா.”

நின்ற பிறகு என்னதான் செய்வான் என்று கேட்டேன். அதுவரை நான் மோட்டாரைத்தான் கேள்வி கேட்டிருந்தேன், அவனைக் கேட்கவில்லை. பொட்டலத்தைத் தண்ணீரில் விட்டுவிட்டு, ‘எண்ணே, விட்ருண்ணே’ என்று கும்பிடுவானாம். பிறகு டேங்க் மூடியின் ரப்பர் கட்டை அவிழ்த்துத் திறந்து, பெட்ரோல் இருக்கிறதா என்று எட்டிப் பார்த்துவிட்டு லேசாக மூடுவானாம். கயிற்றை இழுத்தால் ஒரே இழுப்பில் கிளம்பிவிடுமாம். இன்னொன்றும் தயங்கித் தயங்கிச் சொன்னான். நிற்கிற நேரத்தில் டேங்க்கின் பக்கவாட்டில் குழி விழுந்திருக்கும். யாரோ கை வைத்து அமுக்கின மாதிரி. குழாய் நடுவே இருக்கிற ரப்பர் உருண்டையும் சப்பையாகிக் கிடக்கும். உள்ளே இருந்து யாரோ உறிஞ்சுகிற மாதிரி.

கையிலிருந்த துணியைக் கீழே போட்டேன். டேங்க் எங்கே இருக்கிறது என்று கேட்டேன்.

வீட்டில் இருந்தது. ஜெட்டியில் விட்டால் ராத்திரியோடு பெட்ரோலை யாராவது உறிஞ்சிவிடுவார்கள் என்று தினமும் வீட்டுக்குத் தூக்கிப் போய்விடுவார்களாம். மோட்டாரை மட்டும்தான் மூன்று தடவையும் கொண்டுவந்திருக்கிறான். நோய் என்னவோ அவன் வீட்டு மூலையிலேயே இருந்திருக்கிறது.

சாயங்காலம் டேங்க்கோடு வந்தான். மூடியின் நடுவே சின்னதாக ஒரு திருகு இருக்கும். பெட்ரோல் வெளியே போகப் போக அந்த வழியாகத்தான் டேங்க்குக்குள் காற்று வரவேண்டும். வீட்டில் வைக்கும்போது மூட வேண்டும், ஓட்டும்போது திறக்க வேண்டும். அந்தத் திருகு பிளையர் வைத்து இறுக்கப்பட்டிருந்தது. போதாததற்கு மூடியைச் சுற்றி சைக்கிள் டியூப் ரப்பரைக் கிழித்து அழுத்தமாகக் கட்டியிருந்தது. அந்த டேங்க்கையே மாட்டி, டிரம்மில் மோட்டாரை ஓட்டவிட்டேன். இருவரும் ஸ்டூலில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தோம். ஜெட்டியிலிருந்து வளைவுக்குப் போகிற நேரம்தான் ஆகியிருக்கும். டேங்க் ‘டொக்’ என்று உள்வாங்கியது. மோட்டார் மூச்சுத் திணறி ஒரு இழுவை இழுத்து அடங்கியது.

டியூப்பை அவிழ்த்து, பிளையரால் திருகைத் திருப்பினேன். உஸ்ஸ் என்று காற்று உள்ளே போனது. அதற்கு முன்பும் எத்தனையோ டேங்க்குகளில் கேட்ட சத்தம்தான். அன்றைக்கு மட்டும், வெகுநேரமாக மூச்சை அடக்கிக்கொண்டிருந்த ஒருவர் பக்கத்தில் உட்கார்ந்து மூச்சு இழுத்த மாதிரி இருந்தது. டேங்க்கின் குழி மெல்ல நிமிர்ந்தது. அவன் ஸ்டூலை விட்டு எழுந்து நின்றுவிட்டான்.

தினமும் அதே டேங்க், அதே வேகம், அதே பாதை. அதனால்தான் அதே வளைவில் நின்றது என்று சொன்னேன். தண்ணீரில் அவன் மூடியைத் திறந்து பார்த்தபோதெல்லாம் காற்று உள்ளே போய்விட்டது. அதனால்தான் கிளம்பியது; பிறகு கட்டாமல் லேசாக மூடியதால் மறுபடி நிற்கவில்லை.

அவன் அந்தத் திருகையே பார்த்துக்கொண்டிருந்தான். “இது தொறக்கதுக்கு உள்ளதா? அழகுக்கு வெச்சிருக்காம்னுல்லா நெனச்சேன். இந்த நாள் வரைக்கும் நான் இதுல கைய வெச்சதே இல்ல.”

“யாரு இவ்வளவு இறுக்கினது?”

“மைனி. அடுப்பு எரியுத எடம்லா. சோறு பொங்குத வீட்டுல பெட்ரோல் வாடை வந்தா பயம். அண்ணன் இருக்கும்போதே ராத்திரி அவியதான் மூடுவாவ. காலைல அண்ணன்…”

அங்கேயே நிறுத்திவிட்டான். எங்கள் இருவருக்கும் ஒரே கேள்விதான் வந்திருந்தது. அன்றைக்குக் காலையில் அண்ணன் அதைத் திறந்தாரா? இல்லை, திறக்க மறந்து, வளைவில் மோட்டார் நின்று, கயிற்றை இழுக்கும்போது தவறி விழுந்தாரா?

மதினியிடம் இதைச் சொல்ல வேண்டாம் என்று கேட்டுக்கொண்டான். டேங்க்கை இனிமேல் எங்கள் கடையிலேயே வைத்துவிட்டுப் போவதாகச் சொன்னான். முதலாளியிடம் கேட்டு மூலையில் இடம் ஒதுக்கிக் கொடுத்தேன்.

மறுநாள் காலையில் ஓட்டிப் பார்க்க நானும் கூடப் போனேன். திருகு திறந்திருந்தது. வளைவு நெருங்க நெருங்க அவன் ஒரு கையில் மோட்டாரையும் மடியில் பொட்டலத்தையும் பிடித்துக்கொண்டு தண்ணீரையே பார்த்தான். சேற்றுத் திட்டில் பூநாரைகள் நின்றன. எதிர்க்கரையில் புது மும்பைக் கட்டடங்கள் புகையில் நட்டு வைத்த மாதிரி தெரிந்தன. காரணம் எனக்குத் தெரியும். நானே கண்டுபிடித்த காரணம். ஆனாலும் அந்த வேர்களைக் கடக்கும்போது என் காது மோட்டார் சத்தத்தை விட்டு இம்மியும் நகரவில்லை. நின்றுவிடக் கூடாது என்று ஒரு மனம். ஒரே ஒரு தடவை நிற்கட்டுமே என்று இன்னொரு மனம். அப்படியும் நினைத்தேன்.

நிற்கவில்லை. வளைவு கடந்துவிட்டது. பொட்டலம் அவன் மடியிலேயே இருந்தது.

பார்ஜ்களில் சாப்பாட்டைக் கொடுத்துவிட்டுத் திரும்பியதும், கடையில் டேங்க்கை இறக்கிவிட்டு, என்னையும் வீட்டுக்குச் சாப்பிடக் கூப்பிட்டான். மதினி சொல்லிவிட்டிருந்தாளாம். ஒரே அறைதான் வீடு. பெரிய பாத்திரங்கள் கழுவிக் கவிழ்த்திருந்தன. அடுப்பு அணைந்தும் அறையில் சூடு போகவில்லை. மூலையில் டேங்க் வைத்த இடத்தில் தரை மட்டும் வட்டமாகக் கறுத்திருந்தது. அவள் எங்கள் முகத்தைப் பார்க்கவில்லை. அவன் கையிலிருந்த பொட்டலத்தைப் பார்த்தாள்.

“நிக்கலையா?”

“இல்ல மைனி. தம்பி சரி பண்ணிட்டாரு.”

அவள் பொட்டலத்தை வாங்கித் தன் பக்கத்தில் வைத்துக்கொண்டாள். அப்படியென்றால் போய்விட்டார் போல என்று, எங்களிடம் இல்லாமல், மெதுவாகச் சொன்னாள். அவளிடமிருந்து எதையோ நான் பிடுங்கிக்கொண்டு வந்துவிட்ட மாதிரி இருந்தது. பிறகு மூலையைப் பார்த்துவிட்டு, டேங்க் எங்கே என்று கேட்டாள். கடையிலேயே வைத்தாகிவிட்டது என்றான் அவன். ஏன் என்றாள். அவன் பாத்திரங்களை நகர்த்தி நான் உட்கார இடம் செய்தான். அவள் என் பக்கம் திரும்பினாள்.

“தம்பி, நீங்க படிச்சவிய. சொல்லுங்க. திருகுலயா?”

பொய் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. உண்மையையும் முழுதாகச் சொல்ல முடியவில்லை. டேங்க்குக்குக் காற்று வேண்டும், திருகு மூடியிருந்தால் கொஞ்ச தூரத்தில் நின்றுவிடும் என்று, ஏதோ பாடப் புத்தகத்தில் இருப்பதை ஒப்பிக்கிற மாதிரி சொன்னேன். அவள் தலையை ஆட்டிக் கேட்டுக்கொண்டாள்.

“தெனமும் காலைல அவியதான் அதத் தொறப்பாவ. எதுக்குன்னு நான் கேட்டதில்ல, அவியளும் சொன்னதில்ல.” விரலால் தரையின் அந்த வட்டத்தைத் தடவினாள். “அன்னைக்கு ராத்திரி, எல்லாரும் அழுதுட்டு இருக்கும்போது, பழக்கத்துல நான் எந்திரிச்சுப் போயி டேங்க்க மூடப் போனேன். அது மூடியே இருந்திச்சு.”

வெளியே யாரோ குழாயடியில் குடத்தை வைக்கிற சத்தம் கேட்டது. சுமந்துகொண்டு வருகிறவர்கள் சிந்தாமல் இருக்க மூடிவிடுவார்கள் அக்கா, எல்லாரும் அப்படித்தான் செய்வார்கள் என்றேன். அது பொய் இல்லை. ஜெட்டியில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள்.

அவள் கொழுந்தன் பக்கம் மெல்லத் திரும்பினாள்.

“எய்யா, நீதான அன்னைக்கு அதத் தூக்கிட்டு வந்த. நீயா மூடின?”

அவன் என்னைப் பார்க்கவே இல்லை.

“ஆமா மைனி. நான்தான் மூடினேன். சிந்தும்லா.”

முந்தின நாள் சாயங்காலம் டிரம் ஓரத்தில் நின்று, இது அழகுக்கு வைத்தது என்று நினைத்தேன், இதில் கையே வைத்ததில்லை என்று சொன்னவன்.

அவள் வெகுநேரம் அவனையே பார்த்தாள். நம்பினாளா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. பிறகு பொட்டலத்தை மடியில் எடுத்து வைத்து நூலை அவிழ்த்தாள். புளிச்சோறு, அப்பளம், ஓரத்தில் உருளைக்கிழங்கு வறுவல். மற்றவர்களுக்குக் கட்டுவதைவிட வறுவல் கொஞ்சம் அதிகமாக இருந்தது. அதை இரண்டு தட்டில் பகிர்ந்து எங்கள் முன்னால் தள்ளினாள்.

“சாப்பிடுங்க. ஆறிப் போச்சு.”

நான் சாப்பிட்டேன். அவன் முதல் கவளத்தை வாயில் வைத்துக்கொண்டு, விழுங்க முடியாமல் குனிந்தே இருந்தான். அவள் எழுந்துபோய் அவனுக்குத் தண்ணீர் மொண்டு வந்தாள்.