அண்ணன் பேரில் ஒரு வேலை

மம்சாபுரம் கண்ணுச்சாமிக்கு ஐம்பத்துமூன்று வயதிலேயே சர்க்கார் ஓய்வு கொடுத்துவிட்டது. அறுபது முடிந்தது அவருக்கல்ல, அவருடைய அண்ணன் பால்ச்சாமிக்கு. அண்ணனுக்கு வயதாகிவிட்டது என்று தம்பியை வீட்டுக்கு அனுப்பிய கூத்து அது.

சர்க்கார் ரோட்டு வேலை முதலில் கிடைத்தது பால்ச்சாமிக்குத்தான். இரண்டு வருடம்போல் கல்லும் தாரும் சுமந்தார். ஐம்பத்தாறாம் வருடம் வீட்டில் ஏதோ சண்டை. கோபித்துக்கொண்டு போனவர் போனவர்தான், ஒரு தகவலும் இல்லை. கிடைத்த சர்க்கார் வேலையை யாராவது விடுவார்களா? மறுநாள் காலையில் தம்பி மண்வெட்டியோடு போய் நின்றார். மேஸ்திரி ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "பேருக்கு ஒரு ஆளு நின்னாச் சரி. போயி கல்ல ஒடை" என்றார். அந்தக் காலத்தில் இப்படி நிற்பதை யாரும் தப்பாக நினைக்கவில்லை. அன்று முதல் அவர் ஆபீசில் பால்ச்சாமி, வீட்டில் கண்ணுச்சாமி. ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் ராஜபாளையத்துக்கும் நடுவே அவர் மண் போட்டு அடைக்காத பள்ளம் கிடையாது.

எண்பத்தெட்டில் மாலை போட்டு, காப்பி வாங்கிக் கொடுத்து அனுப்பினார்கள். அதுவரை எல்லாம் நல்லபடியாகத்தான் நடந்தது. பென்சன் தாளில் ஒட்டப் புருசனும் பெண்டாட்டியும் சேர்ந்து நிற்கிற போட்டோ வேண்டும் என்றார்கள். கண்ணுச்சாமியும் அவர் மனைவி வெள்ளத்தாயும் தலைவாரிப் பவுடர் போட்டுக்கொண்டு ஸ்டுடியோவுக்குப் போய்ப் படம் பிடித்துக் கொடுத்தார்கள். ஆபீஸ் கிளார்க் படத்தின் கீழே வெள்ளத்தாய் என்று எழுதியிருந்த பேரையும் பழைய பதிவையும் மாறிமாறிப் பார்த்தார்.

"இதுல சம்சாரம் பேரு கருத்தம்மான்னு போட்டிருக்கு. நீரு யாரக் கூட்டியாந்து நிப்பாட்டிருக்கீரு?"

கருத்தம்மா என்பது காணாமல் போன அண்ணனின் மனைவி. தாயில்லாத கண்ணுச்சாமிக்குப் பத்து வயதிலிருந்து சோறு போட்டு வளர்த்த மதினி. புருசன் எங்கோ இருக்கிறான் என்ற நினைப்பில் குங்குமத்தை அழிக்காமல் அதே வீட்டில்தான் இருந்தாள். வெள்ளத்தாய் இரண்டாம் தாரம் என்று சொன்னால், முதல் தாரம் இருக்கையில் அது ஒரு குற்றம். உள்ளதைச் சொன்னால் ஆள்மாறாட்டம். பென்சன், பணிக்கொடை என்று வர வேண்டிய எல்லாவற்றையும் நிறுத்திவிட்டார்கள். அடுப்பில் உலை வைப்பதற்கு அந்த வீட்டில் வேறு வழி எதுவும் இல்லை.

நான்தான் பால்ச்சாமி என்று தீர்ப்புச் சொல்லுங்கள் என ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட்டில் வழக்குப் போட்டார். வாய்தாவுக்கு மேல் வாய்தா. ஆடுகளை விற்றார்கள். வெள்ளத்தாய் பருத்தி எடுக்கப் போனாள். தார்ச் சூட்டில் வெந்த கால்களோடு கண்ணுச்சாமி கோர்ட்டு வேப்பமரத்தடியில் உட்கார்ந்து உட்கார்ந்து எழுந்து வந்தார். ஐந்து வருடம் இப்படிப் போயிற்று. யாருக்கு என்ன கவலை?

கடைசியில் வக்கீல் குமாஸ்தா ஆவுடையப்பன் ஒரு வழி சொன்னார். "கருத்தம்மா கூண்டுல ஏறி, இவருதான் என் வீட்டுக்காரருன்னு ஒரு வார்த்தை சொல்லட்டும். பதிவும் சாட்சியும் ஒத்துப்போகும். கேசு நம்ம பக்கம்."

கண்ணுச்சாமிக்கு உடம்பெல்லாம் கூசியது. பெற்றவளைப் போல நினைத்தவளை எப்படி இதைச் சொல்லச் சொல்வது? பெண்கள் இரண்டு பேரும்தான் துணிந்தார்கள்.

"செத்த நேரம் அக்கா உம்ம பொண்டாட்டியா நின்னுட்டு எறங்கட்டும். பொறவு மூணு பேருக்கும் கஞ்சி கிடைக்கும்லா?" என்றாள் வெள்ளத்தாய்.

"எனக்கும் வேற போக்கிடம் ஏது? சொல்லுதேன்லே" என்றாள் கருத்தம்மா. ஒரு வாரம் அதையே முணுமுணுத்துக்கொண்டு திரிந்தாள்.

தொண்ணூற்று மூன்றில், நல்ல வெயில் காலத்தில், அவளைக் கூண்டில் ஏற்றினார்கள். சர்க்கார் வக்கீல் கண்ணுச்சாமியைக் காட்டி, "இவர் உங்களுக்கு யாரு?" என்றார்.

"எங்க வீட்டுக்காரரு." சொல்லிவிட்டாள். கண்ணுச்சாமி தலையைக் குனிந்துகொண்டார்.

"உங்க வீட்டுக்காரர் பேரு என்னம்மா?"

குமாஸ்தா படித்தவர், ஆயிரம் கேள்விக்குப் பதில் சொல்லிக் கொடுத்திருந்தார். இது அவர் புத்தியில் படவில்லை. கருத்தம்மா தாலி கட்டிய நாளிலிருந்து புருசன் பெயரை வாயால் சொன்னதில்லை. சொன்னால் புருசனுக்கு ஆயுசு குறையும் என்று நம்புகிறவள். ரேஷன் கடையானாலும் ஓட்டுச் சாவடியானாலும் கூடப் போகிற கொழுந்தன்தான் சொல்ல வேண்டும்.

"சொல்லும்மா" என்றார் நீதிபதி. கோபமாகக்கூட இல்லை.

கருத்தம்மா எத்தனையோ வருடப் பழக்கத்தில் கண்ணுச்சாமி பக்கம் திரும்பி, "ஏலே கண்ணுச்சாமி, உங்கண்ணன் பேர நீ சொல்லேன்லே" என்றாள்.

பின்னால் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். நீதிபதி பேனாவைக் கீழே வைத்துவிட்டார். சர்க்கார் வக்கீலுக்கு மேற்கொண்டு கேட்க எதுவும் இல்லை. தான் என்ன செய்துவிட்டோம் என்பது பஸ்ஸ்டாண்டுக்கு வந்து, வெள்ளத்தாய் முந்தானையால் வாயைப் பொத்தி அழுவதைப் பார்த்த பிறகுதான் கருத்தம்மாவுக்கு உறைத்தது.

வழக்கு தள்ளுபடியானது. பால்ச்சாமி ஐம்பத்தாறிலேயே வேலையை விட்டுப் போனவர். அவர் இடத்தில் உழைத்தவருக்குச் சர்க்கார் எதுவும் தர வேண்டியதில்லை. அப்பீலுக்கு மதராஸ் போக வேண்டும் என்றார் வக்கீல். பஸ்ஸுக்கே காசில்லாதவர் மதராசுக்கு எங்கே போவது? முப்பத்திரண்டு வருட உழைப்பு அத்தோடு மண்ணாகப் போயிற்று.

தீர்ப்பு வந்த அன்று கருத்தம்மா சோற்றைத் தொடவில்லை. அடுப்படிச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தவள் திடீரென்று, "பால்ச்சாமி" என்றாள். பிறகு இன்னும் சத்தமாக, "பால்ச்சாமி, பால்ச்சாமி" என்றாள்.

கண்ணுச்சாமி பதறிப்போய், "இப்ப எதுக்கு மதினி அது?" என்றார்.

"சொல்லிப் பாத்தேன்லே" என்றாள். "ஒண்ணும் ஆகலையே."