கடைசி வரிசையில் உடற்பயிற்சி

ஜெர்மனியின் பீலெஃபெல்டில் ஒரு சின்னத் தியேட்டரில் சிந்திய பொப்கோனைக் கூட்டுவது என் உத்தியோகம். படித்தது ஐந்தாம் வகுப்பு; ஜெர்மன் பேச்சு முழுக்க விளங்காது. அதனால் பேசாத படமென்றால் எனக்குக் கொள்ளை விருப்பம்.

அந்த மாதம் ஞாயிறுதோறும் ஒரே ஊமைப்படம். நூறு வருடத்துக்கு முந்திய ஜெர்மன் பெண்கள் புல்வெளியில் நின்று கையைத் தூக்கித் தூக்கி உடற்பயிற்சி செய்வார்கள். நரைத்த கொண்டையும் சிவப்புக் கோட்டுமாக ஒரு யாழ்ப்பாணத்து அக்கா தவறாமல் வருவார். வலது கை தோளுக்கு மேல் எழும்பாது என்பதால் கோட்டை நான்தான் சுவரில் தலைக்கு மேலிருக்கும் கொக்கியில் மாட்டுவேன். விளக்கு அணைந்ததும் கடைசி வரிசையில் எழுந்து, திரைப் பெண்களோடு சேர்ந்து அந்தக் கையைத் தூக்கப் பார்ப்பார்.

“ஏனக்கா, இதுக்குப் பிசியோதெரபிக்குப் போகலாமே?”

“மார்பில ஒப்பரேஷன் தம்பி. தூக்கிப் பழகாட்டிக் கை இறுகிப்போகுமாம். பிசியோவில சுத்திவரக் கண்ணாடி, என்னை நானே பாக்க ஏலாமல் கிடக்கு. இங்க இருட்டு.”

“நான் பாத்தனானே!”

“நீர் முதல்ல உம்மட வயித்தைப் பாரும்.”

நாலாம் ஞாயிறு கோட்டை எடுத்துக் கொடுக்க ஓடினேன். அதற்குள் அவரே வலது கையை நீட்டி எடுத்துவிட்டார். “வாறன் தம்பி” என்று போனவர் பிறகு வரவில்லை.

அந்தக் கொக்கிக்கு யாராவது கோட்டோடு வந்தால், என் அரைகுறை ஜெர்மனில் இன்னும் சொல்கிறேன்: “அதுக்கு ஆளிருக்கு.”