சிவப்பு மை

நிர்மலா மாணவர்களின் விடைத்தாளைக்கூடப் பச்சை மையில்தான் திருத்துவாள். சமூகப்பணிப் பேராசிரியை அம்மாவின் கிறுக்கு என்று பிள்ளைகள் கேலி செய்வார்கள். காரணம் அவர்களுக்குத் தெரியாது.

எட்டு வயதில், ரிஷிவந்தியம் பக்கத்துப் பள்ளியில், அவள் பெயரைச் சிவப்பு மையால் அடித்தார்கள். பெற்றோரோடு கரும்பு வெட்டப் போய்த் திரும்பியவளை, "உம்பேரு இல்ல, போ" என்று துரத்தினார் வாத்தியார். மறுபடி சேர ஒரு வருஷம் ஆயிற்று. அந்த வருஷத்தை அவள் மன்னிக்கவே இல்லை. முப்பது வருஷம் குழந்தைகளைப் பற்றியே படித்தாள், எழுதினாள், அதிகாரிகளோடு மல்லுக்கு நின்றாள். குழந்தைப் பாதுகாப்புக் கொள்கைக் குழுவில் இடம் கிடைத்ததும் முதல் வேலையாக இதை எழுத வைத்தாள்: எந்தப் பள்ளியும் எந்தப் பிள்ளையின் பெயரையும் அடிக்கக் கூடாது, அடிக்காத பள்ளிக்குக் கேடயம்.

அந்தக் கேடயத்தோடுதான் பொங்கல் முடிந்த வாரம் கல்வராயன் மலைக்கு ஏறினாள். தலைமையாசிரியர் தனசேகரன் மாலையோடு நின்றார். பதிவேட்டில் அறுபத்து மூன்று பெயர், எல்லாருக்கும் தினமும் வருகை. வகுப்பில் இருந்ததோ பத்தொன்பது பேர். நிர்மலாவின் முகம் மாறியது.

அவள் வாயைத் திறப்பதற்குள் பெரியம்மாள் தன் மகள் சுபஸ்ரீயை இழுத்துக்கொண்டு வந்தாள். பொங்கலுக்கு ஊர் வந்த கரும்பு வெட்டுக்காரி. மறுநாள் திரும்பவும் கிளம்புகிறாள்.

"மேடம், இவள சின்னசேலம் ஆஸ்டல்ல வுட்டுட்டுப் போலாம்னு பாத்தேன். சேக்க மாட்டேன்றாங்க."

"இன்னா காரணம் சொன்னாங்க?" நிர்மலாவுக்கு ஊர்ப் பேச்சு தானாக வந்தது.

"படிப்ப வுட்ட புள்ளைங்களுக்குத்தான் எடமாம். இவ தெனம் ஸ்கூலுக்கு வந்துகினு இருக்கான்னு ரிஜிஸ்டர் சொல்லுதாம். நாலு மாசமா எங்கூட கரும்பு சொமந்துகினு இருந்தவ மேடம் இவ. நாளைக்கும் கூட்டிகினுதான் போவணும்."

சுபஸ்ரீயின் கையெல்லாம் கரும்புச் சோகை கிழித்த கோடுகள். பன்னிரண்டு வயது.

"நாலு மாசம் பொய் எழுதினீங்களா சார்?"

தனசேகரன் தலை குனியவில்லை. "பேர அடிக்கக் கூடாதுன்றது உத்தரவுங்க. ஆப்சென்ட் போட்டா ஆயிரம் கேள்வி கேக்கறாங்க. பிரசென்ட் போட்டா கேடயம் தராங்க. நீங்க எழுதின ரூல்தானுங்களே மேடம்."

நிர்மலாவுக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது. இந்த மனிதரை நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி கேட்டிருப்பாள். ஆனால், அன்று வாத்தியார் அவளைத் துரத்தவாவது துரத்தினார். அவள் வெளியே நிற்பது ஊருக்குத் தெரிந்தது. இந்தப் பிள்ளை வெளியே நிற்பதே யாருக்கும் தெரியாமல் போய்விட்டது. அதைச் செய்தது அவள் எழுதிய வரி.

"சிவப்புப் பேனா குடுங்க சார்."

"கேடயம் போயிடுங்க மேடம்."

"போவட்டும்."

சுபஸ்ரீயின் பெயர் மேல் கோடு இழுத்தாள். பக்கத்தில், நான்கு மாதம் வரவில்லை என்று எழுதித் தனசேகரனிடம் கையெழுத்து வாங்கினாள். எட்டிப் பார்த்த சுபஸ்ரீக்குக் கண் கலங்கியது.

"எம்பேர அடிச்சிட்டீங்களா டீச்சர்?"

"ஆமாம்மா, நாந்தான் அடிச்சேன். இதக் காட்டுனா ஆஸ்டல்ல சேப்பாங்க."

நிர்மலா பேனாவை மூடவில்லை. இன்னும் நாற்பத்து மூன்று பிள்ளைகள் எங்கோ கரும்புக் கொல்லையில் இருந்தபடியே அன்றும் பள்ளிக்கு வந்திருந்தார்கள்.