இறுதி நாள் வரை ஒரு பூங்கொத்து

எங்கள் ஓயிசுமித் தெருவின் கோடி வீட்டில் வசித்த நடிகை குசாகா மிட்சுயோ, திரையில் எத்தனை முறை இறந்தார் என்பது அவருக்கே நினைவில்லை. பாம்புப் பெண்ணிடம் கடிபட்டு இறந்தார். சேற்றுப் பூதம் விழுங்கி இறந்தார். ஒருமுறை சலவை இயந்திரம் பாய்ந்தும் இறந்தார். பேய்ப்பட ரசிகர்கள் அவர் தோன்றியவுடனேயே கைதட்டிவிடுவர். தாமதித்தால் அவர் இருக்கமாட்டார்.

ஒருவருடைய பங்கு முடிந்ததும் படக்குழுவினர் கைதட்டிப் பூங்கொத்து வழங்குவது வழக்கம். மிட்சுயோவுக்கு அது முதல் நாள் மதியமே கிடைத்துவிடும். பூவோடு வீடு திரும்புகையில் எங்கள் மீன்கடைக்காரர், "இன்னிக்கு எதுகிட்டக்கா மாட்டுனீங்க?" என்பார். படப்பிடிப்பு முடியும் இறுதி நாள் விருந்தில் மிட்சுயோ ஒருமுறையும் அமர்ந்ததில்லை. கடைசிவரை உயிரோடிருக்கும் ஒரு வேடம் கிடைக்கவேண்டும் என்பதே அவரது ஒரே ஆசை.

அறுபதாம் வயதில் அது கைகூடியது. பொதுக் குளியலகம் நடத்தி, இறுதிக் காட்சியில் பூதத்தை வெல்லும் முதலாளியம்மாள் வேடத்தை இளம் இயக்குநர் ஹிராயே அவருக்கு அளித்தார்.

முதல் நாள் காட்சி எளியது. பூதம் உரசிக்கொண்டு உள்ளே செல்லும், இவர் முறைக்கவேண்டும். ரப்பர் நகம் தோளில் பட்டதுதான் தாமதம், மிட்சுயோ அலறிச் சுழன்று, மரவாளிகளின்மேல் சரிந்து, ஒரு கை மட்டும் துடிக்க, அழகாக இறந்துபோனார். பழக்கதோஷம். குழுவினருக்கும் அதே தோஷம், அனைவரும் கைதட்டினர். மிட்சுயோ நடிக்கும் நாளென்றால் காலையிலேயே பூ வாங்கிவிடும் உதவி இயக்குநர் ஷிமோதே, வெள்ளைப் பூங்கொத்தோடு ஓடிவந்தார்.

ஹிராயே தலையில் கைவைத்துக்கொண்டார். ஆனால், பதிவானதைப் பார்த்ததும் அவர் மனம் மாறியது. இத்தகைய சாவை வெட்டியெறிய மனம் வரவில்லை என்றும், மகளாக நடிப்பவள் பூதத்தை வெல்லட்டும் என்றும் தயங்கித் தயங்கிச் சொன்னார்.

மிட்சுயோ தரையைவிட்டு எழாமலே கேட்டார்: "தம்பி, நான் செத்தது நல்லா இருக்கா?"

"பிரமாதமா இருக்குக்கா."

"அப்ப வெட்டாத. இங்கயிருந்து கேமராவ ஓடவிடு, நான் எந்திரிக்கிறேன்."

"செத்தவங்க எப்படிக்கா எந்திரிப்பாங்க?"

"முப்பது வருஷமா செத்துப் பழகியாச்சு. எந்திரிக்கிறது ஒண்ணுதான் பாக்கி."

கேமரா ஓடியது. மிட்சுயோ எழுந்தார், தலைமுடியை ஒதுக்கிக்கொண்டார், பூதத்தின் வாலைப் பிடித்து இழுத்து, "காசு வச்சிட்டு உள்ள போ" என்றார். பூதவேடத்துக்குள் இருந்தவர் சிரித்துவிட்டதால் வால் குலுங்கியது. அதுவும் படத்தில் இருக்கிறது.

பூங்கொத்தை அவர் ஷிமோதேயிடமே திருப்பிக் கொடுத்தார். "தண்ணில போட்டு வைப்பா. கடைசி நாள் வாங்கிக்கிறேன்."

பத்தாம் நாள், இறுதிக் காட்சியில், பூதம் வெந்நீர்த் தொட்டியில் மூழ்கியது, மிட்சுயோ மூழ்கவில்லை. கைதட்டலுக்கிடையே ஷிமோதே தலைகுனிந்தபடி கொத்தை நீட்டினார். போலி இரத்தம் கரைக்கும் வாளியில் அதை வைத்திருந்திருக்கிறார். வெள்ளைப் பூக்கள் சாயத்தை உறிஞ்சிச் சிவந்திருந்தன. மிட்சுயோ அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"பரவால்ல. இதுவும் நம்ம படத்துல நடிச்சிருக்கு."

அன்றைய விருந்தில், பரிமாறியவர்கள் தட்டுகளை எடுத்து மேசையைத் துடைக்கும்வரை அவர் எழுந்திருக்கவேயில்லை.